தென்காசி முத்துவடிவு அம்மாள் சொல்கிறார்

தென்காசி,
வெகுதானிய வருஷம் சித்திரை 12

அன்புள்ள அத்தானுக்கு முத்துவடிவு அநேக வணக்கம் செய்து எழுதிக்கொண்டது. அத்தைக்கு முழங்கால் வலி இருக்கிறது. மற்றபடி இங்கே குறை ஒன்றும் இல்லை. நீங்கள் அனுப்பிய பார்சல் வந்தது. போன பார்சலில் வந்த முகத்துக்குப் பூசும் ஸ்நோவே இன்னும் மூடி திறக்காமல் இருக்கிறது. அலமாரியில் இனி இடம் கிடையாது என்று அத்தை எழுதச் சொன்னார்கள்.

நான் உட்கார்ந்தது அதை எழுத அல்ல.

நேற்று மத்தியானம் பக்கத்து வீட்டுப் பேராச்சி ஓடி வந்தாள். அவள் வீட்டுக்காரர் சிவசைலம் அண்ணாச்சி கடைக்கு வாரப் பத்திரிகை வருகிறதல்லவா, அதைக் கையில் சுருட்டி வைத்திருந்தாள். "ஏட்டி, நீ பேப்பர்ல வந்திருக்கே! எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னியாட்டி?" என்றாள். கேலி செய்கிறாள் என்று நினைத்தேன். பக்கத்தை விரித்தாள்.

'தென்காசி முத்துவடிவு அம்மாள் சொல்கிறார்' என்று கொட்டை எழுத்து. கீழே என் முகம். நம்முடைய கல்யாணப் படம். தீபாவளிக்கு வந்தபோது, பட்டணத்தில் நல்ல சட்டம் போட்டு வருகிறேன் என்று சுவரிலிருந்து கழற்றிப் போனீர்களே, அது. உங்கள் தோள் இருந்த இடத்தில் இப்போது ஒரு மருந்துப் புட்டி இருக்கிறது. என் மூக்கைச் சன்னமாக்கி, நிறத்தை வெளுப்பாக்கியிருக்கிறார்கள். ஆனாலும் நான்தான். பார்த்த எல்லோருக்கும் தெரிகிறது.

'மூன்று சிசுக்களைப் பறிகொடுத்துக் கண்ணீரில் வாடிய எனக்கு, ஜீவமாலினி டானிக் சாப்பிட்ட பின் தங்க விக்கிரகம் போல் ஓர் ஆண்மகவு பிறந்தது.' இப்படி நான் சொன்னேனாம்.

எனக்குப் போனது ஒன்று. அது இறந்த வாரத்தில் உங்களுக்கு லீவு கிடைக்கவில்லை. அந்த ஒன்றை மூன்றாக்கியது யார், அத்தான்? இல்லாத ஆண்மகவை என் மடியில் வைத்தது யார்? உங்கள் டானிக் கம்பெனியில் யாரோ தவறு செய்துவிட்டார்கள் என்று நினைக்கத்தான் ஆசை. ஆனால் 'தங்க விக்கிரகம் போல்' என்பது உங்கள் வார்த்தை. கல்யாணமான புதிதில் எனக்கு எழுதியிருக்கிறீர்கள்.

அத்தை படத்தைப் பார்த்துவிட்டு, "வீட்டுப் பொம்பளை மூஞ்சியைத் தெருவுல போட்டுட்டானே" என்று சொன்னார்கள்.

உங்களுக்குத் தெரிந்து நடந்ததா, தெரியாமல் நடந்ததா? இதற்கு மட்டும் பதில் எழுதினால் போதும்.

முத்துவடிவு


திருவல்லிக்கேணி, சென்னை
2-5-1938

சௌபாக்கியவதி முத்துவடிவுக்கு ஆசீர்வாதம்.

தெரிந்துதான் நடந்தது. கோபப்படாமல் முழுவதையும் படி.

மாசி மாதம் முதலாளி எங்கள் விளம்பர இலாகாவுக்கு வந்தார். வடநாட்டுக் கம்பெனிகள் எல்லாம் சாப்பிட்டுக் குணமானவர்களின் போட்டோவைப் போடுகிறார்கள், நாமும் போட வேண்டும், குடும்பப் பாங்கான ஒரு முகம் வேண்டும், சீக்கிரம் வேண்டும் என்றார். பொறுப்பை என்னிடம் விட்டார். அதுவே பெரிய கௌரவம் என்று மற்ற குமாஸ்தாக்கள் முகம் சுருங்கினார்கள்.

நான் யாரிடம் போய்க் கேட்பேன்? இந்த ஊரில் ஐந்து வருஷமாக இருக்கிறேன். டிராமில் தினமும் என் பக்கத்தில் உட்காருகிறவரின் பெயர் தெரியாது. லாட்ஜில் அடுத்த கட்டிலில் படுத்தவர் போன மாதம் காலி செய்துவிட்டுப் போனார். மூன்று நாள் கழித்துத்தான் வேறு ஆள் படுத்திருப்பதைக் கவனித்தேன். மவுண்ட் ரோட்டில் கண்ணாடிக்குப் பின்னால் மின்சார விளக்கு போட்டுப் பொருள்களை அடுக்கியிருக்கிறார்கள். சாயங்காலமானால் அவற்றைப் பார்த்துக்கொண்டே நடப்பேன். ஏதாவது ஒன்றை வாங்கிக் கையில் பிடித்தால், ஊருக்கு ஒரு கடிதம் எழுதியது போல ஆறுதலாக இருக்கும். அதைத்தான் உனக்குப் பார்சல் கட்டுகிறேன். நீயோ மூடிகூடத் திறப்பதில்லை என்கிறாய்.

முகம் ஒன்று வேண்டும் என்றபோது எனக்குத் தெரிந்த முகம் உன்னுடையது ஒன்றுதான். ஓவியர் திருத்திவிட்ட பிறகு அடையாளம் தெரியாது என்று நம்பினேன். ஊரும் பெயரும் போட்டால்தான் ஜனங்கள் நம்புவார்கள் என்று முதலாளி சொல்லிவிட்டார். படம் யாருடையது என்று அவருக்குத் தெரியாது. மருந்து சாப்பிட்ட ஓர் அம்மாள் அனுப்பியது என்று சொல்லியிருக்கிறேன்.

மூன்று என்று போட்டது வாசகத்தின் பலத்துக்காக. ஒன்று என்றால் படிக்கிறவர் மனசில் நிற்காது. இதைத் தொழிலாகப் பார்க்க வேண்டும், முத்துவடிவு.

விளம்பரம் வந்த பிறகு ஆர்டர் குவிகிறது. முதலாளி எல்லோர் முன்னிலையிலும் என் முதுகில் தட்டினார். மாம்பலத்தில் வீடு பார்க்கச் சொல்லியிருக்கிறார். இன்னும் கொஞ்ச காலம் பொறுத்தால் உன்னையும் அம்மாவையும் அழைத்துக்கொள்வேன். படத்தைச் சீக்கிரம் மாற்றிவிடுகிறேன். அம்மாவிடம் நல்லபடியாகச் சொல்லிச் சமாதானப்படுத்து.

தில்லைநாயகம்


தென்காசி,
வைகாசி 9

அத்தானுக்கு.

சமாதானப்படுத்த என்னிடம் நல்லபடியான வார்த்தை இல்லை. நீங்கள்தான் அதில் கைதேர்ந்தவர்.

படத்தை மாற்றுவதாக எழுதினீர்கள். அதற்குப் பிறகு வந்த ஒவ்வொரு பத்திரிகையிலும் இருக்கிறேன். ரயிலடிப் பக்கம் சுவரில் பெரிதாக ஒட்டியிருக்கிறார்களாம். கோவிலுக்குப் போனால் தெரியாத பொம்பளைகள் வந்து, "பிள்ளையை எங்க காணும்? வீட்டுல விட்டுட்டு வந்தியளா?" என்று கேட்கிறார்கள். இலத்தூரிலிருந்து ஒரு அம்மாள் வண்டி கட்டிக்கொண்டு மகளுடன் வந்தாள். எந்த மாதத்திலிருந்து குடிக்க வேண்டும், பத்தியம் உண்டா என்று என்னைக் கேட்டாள். எல்லாம் பொய் என்றேன். அவள் முகத்தில் அறைந்தது போல ஆகிவிட்டது. "ஒனக்குக் கெடைச்சதை இன்னொருத்திக்குச் சொல்ல மனசு வரலையே" என்று திட்டிவிட்டுப் போனாள்.

இதெல்லாம் என் பாடு. இப்போது எழுதுவது பேராச்சியின் பாடு.

அவளுக்கு ஐந்து மாதம். பத்து வருஷம் கழித்துத் தங்கியிருக்கிறது. ரத்தம் இல்லை, கால் வீங்குகிறது என்று ஆஸ்பத்திரி டாக்டரம்மாள் மருந்து கொடுத்து, வாராவாரம் வந்து காட்டச் சொல்லியிருந்தாள். இப்போது ஆஸ்பத்திரிக்குப் போவதை நிறுத்திவிட்டாள். அண்ணாச்சி கடையிலேயே உங்கள் டானிக்குக்கு ஏஜென்சி எடுத்திருக்கிறார். வீட்டில் பெட்டி பெட்டியாக இருக்கிறது. காலையும் மாலையும் அதைத்தான் குடிக்கிறாள். ஆஸ்பத்திரி மருந்து கசக்குதாம், இது இனிக்கிறதாம்.

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னேன். "ஏட்டி, நான் அதைக் கண்ணாலகூடப் பாத்ததில்ல. எனக்கு எங்கட்டி பிள்ளை? நீ தெனமும் இந்த வீட்டுக்கு வாரவதானே?"

அவள் என்ன சொன்னாள் தெரியுமா? "நீ இப்ப முழுகாம இருக்கே. கண்ணு பட்டுரும்னு மறைக்கே. பொறக்கப் போறதை முன்னாலேயே எழுதிட்டாவ, அவ்வளவுதான். ஒங்க வீட்டுக்காரர் பொய்யா எழுதுவாவ?" என்று கேட்டாள்.

எதிரே நிற்கிற என்னை விட அச்சில் இருக்கிற என்னைத்தான் அவள் நம்புகிறாள். அதனால் நீங்கள் உங்கள் கையால் சிவசைலம் அண்ணாச்சிக்கு எழுதுங்கள். விளம்பரம் பொய், முத்துவடிவு எதையும் குடிக்கவில்லை, பேராச்சியை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போங்கள் என்று ஒரு கார்டு போதும். தாமதிக்க வேண்டாம்.

முத்துவடிவு


சென்னை
6-6-1938

சௌ. முத்துவடிவுக்கு.

நீ கேட்பதை என்னால் எழுத முடியாது. காரணத்தை யோசித்துப் பார். சிவசைலம் எங்கள் ஏஜெண்ட். நான் கையெழுத்துப் போட்டு, எங்கள் விளம்பரம் பொய் என்று அவருக்கு எழுதினால் அந்தக் கார்டு அப்படியே முதலாளி மேஜைக்கு வரும். பிறகு மாம்பலமும் இல்லை, வேலையும் இல்லை.

பேராச்சியைப் பற்றி நீ வீணாகப் பயப்படுகிறாய். டானிக்கில் சர்க்கரைப் பாகு, ஏலம், கிராம்பு, கொஞ்சம் திராட்சை ரசம், நிறத்துக்கு ஏதோ ஒரு பொடி. கெடுதல் செய்கிற வஸ்து ஒன்றும் கிடையாது. டாக்டர் மருந்தையும் கூடவே சாப்பிடச் சொல். இதை நீயே அவளுக்குப் பக்குவமாகச் சொல்லலாமே.

ஒரு நல்ல செய்தி. குற்றாலம் சீசனுக்குக் கம்பெனி ஸ்டால் போடப்போகிறது. ஊர்க்காரன் என்பதால் என்னையும் அழைத்துப் போக முதலாளி இசைந்திருக்கிறார். ஆனி கடைசியிலோ ஆடி பிறந்தோ வருவேன். நேரில் எல்லாம் பேசிக்கொள்ளலாம்.

இங்கே இந்த மாதம் சர்க்கார் ரேடியோ ஸ்டேஷன் திறக்கப்போகிறார்களாம். எங்கே பார்த்தாலும் அதே பேச்சு. கடற்கரையில் முன்பே ஒலிபெருக்கி வைத்துப் பாட்டுப் போடுகிறார்கள். ஆயிரம் பேர் மணலில் உட்கார்ந்து கேட்கிறோம். பாட்டு முடிந்ததும் மணலைத் தட்டிவிட்டு ஆளுக்கொரு பக்கம் போகிறோம். நேற்றுப் பக்கத்தில் இருந்தவரிடம், நன்றாகப் பாடினார் இல்லையா என்று கேட்டேன். அவர் சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு நகர்ந்து உட்கார்ந்தார்.

வெந்நீர் ஊற்றிவைக்கும் பிளாஸ்க் ஒன்று அனுப்பியிருக்கிறேன். அம்மா முழங்காலுக்கு ஒத்தடம் கொடுக்க உதவும்.

தில்லைநாயகம்


தென்காசி,
ஆனி 24

பேராச்சிக்கு நேற்றுப் பிரசவம் ஆகிவிட்டது. ஏழு மாதம். பெண் குழந்தை. உயிர் இல்லை.

முந்தாநாள் காலையில் கண் இருட்டி முற்றத்தில் விழுந்தாள். உடம்பு சுண்ணாம்பு போல வெளுத்திருந்தது. நானும் அண்ணாச்சியும் வண்டியில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். டாக்டரம்மாள் இமையை விலக்கிப் பார்த்துவிட்டு, "ரெண்டு மாசமா எங்க போனா இவ?" என்று சத்தம் போட்டாள். அண்ணாச்சி என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

உங்கள் மருந்து குழந்தையைக் கொல்லவில்லை. நீங்கள் எழுதியது சரிதான், அதில் ஒன்றுமே இல்லை.

பேராச்சி பிழைத்துக்கொள்வாள் என்கிறார்கள். இன்னும் என்னிடம் பேசவில்லை. முகத்தைத் திருப்பிக்கொள்ளவும் இல்லை. அண்ணாச்சி கடையில் இருந்த புட்டிகளை எல்லாம் சாக்கடையில் கவிழ்த்தார். தெரு முழுக்க ஏலக்காய் வாசனை.

நீங்கள் வாருங்கள். சீசனுக்காக வேண்டாம். முதலில் வீட்டுக்கு வாருங்கள்.

முத்துவடிவு


தென்காசி,
ஆடி 7

தில்லைநாயகம் பிள்ளை அவர்களுக்கு.

இந்தக் கடிதத்தைக் குற்றாலத்துக்கு அனுப்புவதா, சென்னைக்கு அனுப்புவதா என்று தெரியவில்லை. குற்றாலத்துக்கு அனுப்பினால் அங்கே யாரோ ஒருவர் வாங்கிப் படிப்பார். அதனால் உங்கள் லாட்ஜுக்கே எழுதுகிறேன்.

நீங்கள் வந்திருப்பது எனக்குத் தெரியாது. அத்தை அருவியில் குளித்தால் முழங்காலுக்கு நல்லது என்றார்கள். நேற்று பஸ்ஸில் கூட்டிப் போனேன். நல்ல சாரல். குளித்துவிட்டு அத்தை கோவிலுக்குள் உட்கார்ந்தார்கள். ஈரச் சேலையைப் பிழிந்து காயப்போடலாம் என்று நான் கடைத்தெருப் பக்கம் வந்தேன்.

அங்கே ஆள் உயரத்துக்கு நின்றுகொண்டிருந்தேன். பலகையில் வரைந்து, சிவப்புச் சேலை உடுத்தி, கையில் ஒரு கொழுத்த பிள்ளையை வேறு கொடுத்திருக்கிறார்கள். கிராமபோன் பாடுகிறது. தகரக் குழலை வாயில் வைத்துக்கொண்டு ஒருவன், "வாங்க தாய்மாரே! இந்த அம்மா யாரு? இதோ, இந்தத் தென்காசிக்காரங்கதான்!" என்று கத்துகிறான். சுற்றிலும் பட்டணத்து ஜனம், உள்ளூர் ஜனம். வயிற்றைத் தள்ளிக்கொண்டு ஒரு பெண் புட்டியை வாங்கி முந்தானையில் முடிகிறாள்.

எனக்குப் பேராச்சியின் முகம் தெரிந்தது. எப்படிப் பேசினேன் என்று தெரியவில்லை. "அதை வாங்காதே தாயி. அந்தப் படத்துல இருக்கவ நாந்தான். நான் அதை நாக்குலகூட வச்சதில்ல. எனக்குப் பிள்ளையும் கிடையாது. அது பூராப் பொய்யி" என்றேன்.

கூட்டம் என்னைப் பார்த்தது. பலகையைப் பார்த்தது. பிறகு சிரித்தது. "ஏட்டி, அவ செக்கச் செவேல்னு லெச்சுமி கணக்கா இருக்கா. இவளைப் பாரு, நனைஞ்ச கோழி மாதிரி நின்னுக்கிட்டு நாந்தாங்கா" என்றாள் ஒருத்தி. குழல்காரன், "அம்மா, வழி விடுங்க, யாவாரத்தைக் கெடுக்காதிய" என்றான்.

அப்போதுதான் உள்ளே உங்களைப் பார்த்தேன். வெள்ளைக் கோட்டு. பக்கத்தில் நாற்காலியில் உங்கள் முதலாளி. "அத்தான்" என்று கூப்பிட்டேன். நீங்கள் பார்த்தீர்கள். இன்னொரு தடவை கூப்பிட்டேன்.

முதலாளி கேட்டார்: "யாரு, உங்களுக்குத் தெரிஞ்சவங்களா?"

நீங்கள் சொன்னீர்கள்: "தெரியல சார். பாவம், பிள்ளை இல்லாத ஏக்கம் போலிருக்கு."

எழுத்துக்கு எழுத்து இதுதான். உங்கள் முதலாளி நல்ல மனுஷர். எழுந்து வந்து, "அழாதீங்கம்மா. இதை ஒரு மண்டலம் சாப்பிடுங்க. காசு வேண்டாம்" என்று என் கையில் ஒரு புட்டியை வைத்தார். நான் அதை வாங்கிக்கொண்டு நடந்தேன். எதற்கு வாங்கினேன் என்று இப்போதுவரை எனக்கு விளங்கவில்லை. வாங்கு என்று யார் கொடுத்தாலும் வாங்கிவிடுகிற மாதிரி கை நீண்டுவிட்டது. பஸ் ஏறும் இடத்தில் ஒரு கல்லின் மேல் வைத்துவிட்டு வந்தேன்.

அத்தையிடம் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. கூப்பிடு தூரத்தில் பெற்ற பிள்ளை நின்றது தெரியாமலே, குளித்த சுகத்தில் பஸ்ஸில் தூங்கிக்கொண்டு வந்தார்கள்.

முத்துவடிவு


சென்னை
1-8-1938

முத்துவடிவுக்கு.

என்ன எழுதினாலும் விளம்பரம் போலவே வருகிறது. கிழித்துக் கிழித்துப் போட்டுவிட்டு இதை எழுதுகிறேன்.

பேராச்சியைப் பற்றி நீ எழுதிய கடிதம் நான் புறப்படும் முன்பே வந்துவிட்டது. படித்துவிட்டுத்தான் ரயில் ஏறினேன். தென்காசி ஸ்டேஷனில் இறங்கி நேரே வீட்டுக்கு வருவது என்றே இருந்தேன். முதலாளி காரை ஸ்டேஷனுக்கு வரவழைத்திருந்தார். "ஏறுங்க" என்றார். ஏறிவிட்டேன். நம் தெருமுனையைத் தாண்டித்தான் கார் போனது. நாளைக்கு வரலாம், நாளைக்கு வரலாம் என்று ஒவ்வொரு நாளாகத் தள்ளிப்போட்டேன். பேராச்சி வீட்டு வாசலைத் தாண்டாமல் நம் வீட்டுக்குள் நுழைய முடியாது.

அன்றைக்கு நடந்ததில் ஒன்றை மட்டும் உனக்குச் சொல்ல வேண்டும். நம்புவதும் நம்பாததும் உன் இஷ்டம். நீ முதல் தடவை கூப்பிட்டபோது எனக்கு நிஜமாகவே அடையாளம் தெரியவில்லை. மாசி மாதம் தொட்டு அந்தத் திருத்திய முகத்தைத்தான் பார்க்கிறேன். மேஜையில், அச்சுக்கூடத்தில், டிராம் போகிற தெருச் சுவர்களில். எப்போதாவது உன்னை நினைத்தால் அந்த முகம்தான் வருகிறது. அதனால் நனைந்த சேலையோடு ஒருத்தி நின்று அத்தான் என்றபோது, யாரோ என்னைத் தவறாக நினைத்துக் கூப்பிடுகிறாள் என்றே எண்ணினேன்.

இரண்டாம் தடவை கூப்பிட்டாய். குரல் தெரிந்தது. தெரிந்த பிறகுதான் அந்த வார்த்தையைச் சொன்னேன்.

முதலாளி பக்கத்தில் இருந்தார் என்பது ஒரு காரணம். ஆனால் அந்த வாசகம் அவ்வளவு சரளமாக வந்ததற்கு அது காரணம் இல்லை. யோசிக்கவே இல்லை. வாய் தானாகச் சொன்னது. என் தொழில் அது.

மாம்பலத்து வீட்டுக்குச் சாவி கொடுத்துவிட்டார்கள். மின்சார விளக்கு இருக்கிறது. நான் அங்கே போகவில்லை. என்ன செய்ய வேண்டும் என்று சொல். செய்கிறேன்.

தில்லைநாயகம்


தென்காசி,
ஆடி 25

என்ன செய்ய வேண்டும் என்று என்னைக் கேட்கிறீர்கள். சித்திரையிலிருந்து அதைத்தான் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

வெள்ளிக்கிழமை ரயிலில் நானும் பேராச்சியும் பட்டணத்துக்கு வருகிறோம். சிவசைலம் அண்ணாச்சி துணைக்கு வருகிறார். பேராச்சி இப்போது எழுந்து நடமாடுகிறாள். என்னிடம் பேசிய முதல் பேச்சே இதுதான்: "அந்த மொதலாளியை நான் ஒரு தடவை பாக்கணும்ட்டி. என்ன கேக்கணும்னு தெரியல. பாக்கணும்."

அத்தையிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். குற்றாலத்தில் நடந்ததையும் சொன்னேன். "போயிட்டு வா. அவன் தெரியலைன்னு சொன்னா எம் பேரைச் சொல்லு. இராமலட்சுமி மவன்தானே நீன்னு கேளு" என்றார்கள்.

எழும்பூர் ஸ்டேஷனுக்கு வந்து நில்லுங்கள். முதலாளியின் ஆபீஸுக்கு எங்களுக்கு வழி தெரியாது. உங்கள் வீட்டைப் பார்க்க வரவில்லை. வேலை முடிந்ததும் அடுத்த ரயிலில் திரும்பிவிடுவோம்.

முத்துவடிவு


சென்னை
26-8-1938

முத்துவடிவுக்கு.

நீங்கள் வந்துபோனது முதல் உன்னிடமிருந்து ஏதாவது வருமா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. ரயில் கிளம்பும்வரை நீ என்னிடம் பேசவில்லை. பேராச்சிதான் ஜன்னல் வழியாக, "சாப்பிட்டியளா?" என்று கேட்டாள். வேறு யார் கேட்டிருந்தாலும் தாங்கியிருப்பேன்.

அன்று ஆபீஸில் நடந்தது திரும்பத் திரும்ப மனசில் ஓடுகிறது. முதலாளி கோபப்படுவார், என்னைக் கழுத்தைப் பிடித்துத் தள்ளுவார், உங்களையும் அவமானப்படுத்துவார் என்று நினைத்துக்கொண்டுதான் மாடிப்படி ஏறினேன். அவர் மேஜைக் காற்றாடியை உங்கள் பக்கம் திருப்பி வைத்து, காப்பி வரவழைத்தார். பேராச்சி, "எம் பிள்ளை செத்துப்போச்சுய்யா" என்றாள். "ரொம்ப வருத்தமா இருக்கும்மா" என்று சொல்லிவிட்டுக் குமாஸ்தாவிடம் குறித்துக்கொள்ளச் சொன்னார். அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இவ என் சம்சாரம் சார். அந்தப் படம் இவளுடையது. எழுதியது அத்தனையும் நான் கட்டினது" என்று நான் சொன்னேன். நீ அப்போதுதான் என்னைத் திரும்பிப் பார்த்தாய்.

அவர் என்ன சொன்னார் என்று உனக்கு ஞாபகம் இருக்கும். "அடடே, உங்க சம்சாரமா? மொதல்லயே சொல்லியிருந்தா ஸ்டூடியோவுக்குக் கூட்டிப்போய் இன்னும் நல்லதா எடுத்திருக்கலாமே!"

கேட்ட உடனேயே படத்தை எடுத்துவிடச் சம்மதித்தார். அதற்கென்ன என்றார். அந்தச் சுலபத்தைத்தான் என்னால் ஜீரணிக்க முடியவில்லை. எத்தனை நாள் அந்த மனுஷருக்குப் பயந்து செத்தேன்! அவருக்கு நீயும் ஒன்றுதான், சுவரும் ஒன்றுதான். என்னை வேலையை விட்டு நீக்கக்கூட இல்லை.

மறுநாள் வேறு ஒரு பெண்ணின் போட்டோவை என் மேஜையில் வைத்தார்கள். சின்ன வயசு. வாசகம் எழுதச் சொன்னார்கள். நான் பேனாவை மூடிவைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். திரும்பிப் போகவில்லை. மாம்பலத்துச் சாவியை ஆள் மூலம் கொடுத்தனுப்பினேன். அதில் பெருமைப்பட ஒன்றும் இல்லை. அடுத்த மேஜைக்காரர் என் பழைய வாசகத்தையே எடுத்து ஒரு காலைப் பொழுதில் முடித்துவிட்டாராம். இந்த வாரப் பத்திரிகையை இத்துடன் அனுப்பியிருக்கிறேன். இந்தத் தடவை பெயர் போடவில்லை. 'சேலம் ஜில்லாவைச் சேர்ந்த ஒரு குடும்பத் தலைவி' என்று மட்டும் போட்டிருக்கிறார்கள். பெயர் போட்டால் தொந்தரவு என்று உங்களைப் பார்த்துக் கற்றுக்கொண்டார்கள்.

லாட்ஜில் உட்கார்ந்திருக்கிறேன். ஊருக்கு வரலாமா என்று கேட்க வாய் வரவில்லை.

தில்லைநாயகம்


தென்காசி,
ஆவணி 16

அத்தானுக்கு.

உங்கள் கடிதமும் பத்திரிகையும் வந்தன. ரயிலடிச் சுவரில் என் படத்தின் மேல் அந்தப் பெண்ணின் படத்தை ஒட்டிவிட்டார்கள். அண்ணாச்சி பார்த்துவிட்டு வந்து சொன்னார். அத்தைக்குச் சந்தோஷம். தெருவில் எல்லோரும், நல்லவேளை உன் முகம் போயிற்று என்கிறார்கள். எனக்குச் சந்தோஷம் வரவில்லை. எரிச்சலாக இருக்கிறது. இதற்காகவா அவ்வளவு தூரம் வந்தோம்?

பேராச்சி பத்திரிகையை மடியில் வைத்துக்கொண்டு அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். இருபது வயசு இருக்குமா? கழுத்தில் தாலிக்கயிறு புதுசு போலத் தெரிகிறது. "இவளுக்குத் தெரியுமாட்டி, தான் இப்படி வந்திருக்கது?" என்று கேட்டாள். எனக்கு என்ன தெரியும்? "இவளைப் பாத்து எத்தனை பேரு குடிப்பாளுவளோ" என்றாள். பிறகு பத்திரிகையை மூடவும் மனசில்லாமல் அப்படியே வைத்திருந்தாள்.

ஊருக்கு வரலாமா என்று கேட்க வாய் வரவில்லை என்று எழுதியே கேட்டுவிட்டீர்கள். இது உங்கள் அம்மாவின் வீடு. நீங்கள் வர என்னைக் கேட்க வேண்டியதில்லை. நான் உங்களோடு பேசுவேனா என்று கேட்டால், அதற்கு இன்றைக்கு என்னிடம் பதில் கிடையாது. ஆபீஸில் நீங்கள் சொன்ன வார்த்தை காதில் விழுந்தது. குற்றாலத்தில் சொன்னதும் காதில்தான் இருக்கிறது. இரண்டும் ஒன்றையொன்று தின்றுவிடும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

ஆனால் அவசரப்பட்டுக் கிளம்ப வேண்டாம். அந்தப் போட்டோ யார் மூலம் உங்கள் ஆபீஸுக்கு வந்தது, எந்த ஊர், யார் வீட்டுப் பெண் என்று விசாரியுங்கள். அங்கே வேலை பார்த்த உங்களுக்கு அது முடியாத காரியம் இல்லை. அடுத்த மேஜைக்காரர் காலில் விழுந்தாவது கேளுங்கள். நானும் பேராச்சியும் அவளுக்கு எழுதப் போகிறோம். தேவைப்பட்டால் போயும் பார்ப்போம்.

அவள் பெயர் தெரியாமல் இந்த வீட்டுக்கு வராதீர்கள்.

முத்துவடிவு